பேக்கனும் மேப்பிள் பாகும் சேர்த்து வறுத்த பிரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரவுட்ஸ் ஏன் சொதசொதவென்று ஆகிறது?

கேள்வி இது. அமெரிக்காவில் தேங்க்ஸ்கிவிங் என்ற நன்றி சொல்லும் பண்டிகை விருந்துக்கு ஒருவர் ஒத்திகை பார்த்திருக்கிறார். குட்டி முட்டைக்கோஸ் போல இருக்கும் பிரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரவுட்ஸ் ஒரு கிலோவை இரண்டாக நறுக்கி, பேக்கன் என்ற உப்பிட்ட பன்றி இறைச்சித் துண்டுகள், ஆலிவ் எண்ணெய், மேப்பிள் மரச் சாற்றைக் காய்ச்சிய மேப்பிள் சிரப், உப்பு எல்லாவற்றையும் ஒரே தட்டில் பிரட்டி, 400 டிகிரி ஃபாரன்ஹீட்டில் 35 நிமிடம் ஓவனில் வைத்திருக்கிறார். காய் சொதசொதவென்று வெந்து கசக்கிறது, பேக்கன் ரப்பர் போல இழுபடுகிறது, சிரப் மட்டும் தட்டில் கருகி ஒட்டிக்கொண்டது. சொதசொதப்பும் கருகலும் ஒரே தட்டில் எப்படி வரும் என்று கேட்கிறார்.

அளவுகளில் பெரிய பிழை எதுவும் இல்லை. வரிசைதான் இடிக்கிறது. காய்க்கும் பேக்கனுக்கும் சிரப்புக்கும் வேண்டிய சூடு வேறு, நேரம் வேறு. பேக்கனை முதலில் வாணலியில் தனியாக வறுத்து எடுங்கள். அதில் இறங்கிய கொழுப்பில் காயைப் பிரட்டி ஓவனில் வையுங்கள். காய் வேகும் நேரத்தில் அதே வாணலியில் சிரப்பைப் பாகாகக் காய்ச்சுங்கள். கடைசி மூன்று நிமிடத்தில் மூன்றையும் ஒன்றாகச் சேருங்கள். சுருக்கமான பதில் இவ்வளவுதான். ஆனால் காரணம் புரிந்தால் காய் மாறினாலும் ஓவன் மாறினாலும் நீங்களே சமாளித்துக்கொள்வீர்கள், அதனால் விரிவாகவே சொல்கிறேன்.

பிரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரவுட்ஸில் ஏறக்குறைய 86 சதவீதம் தண்ணீர். பச்சை பேக்கனிலும் மூன்றில் ஒரு பங்கு அளவுக்கு நீர் உண்டு. மேப்பிள் சிரப்பில் சர்க்கரை 66, 67 சதவீதம், மிச்சம் தண்ணீர். ஆக, நீங்கள் தட்டில் பரப்பியதில் பெரும்பகுதி தண்ணீர்தான். ஒரு பொருளின் மேற்பரப்பு ஈரமாக இருக்கும்வரை, ஓவன் எவ்வளவு சூடாக இருந்தாலும், அந்த மேற்பரப்பு தண்ணீரின் கொதிநிலையைத் தாண்டி ஏறாது. பொன்னிறமும் வறுத்த மணமும் வருவதற்கு 140 டிகிரி செல்சியஸ் போல வேண்டும். காய் அந்த நிலைக்கு வரவே முடியாமல் பேக்கனும் சிரப்பும் விடும் நீராவியில் கிடந்து வெந்தது. காய்களுக்கு நடுவே வெறும் தட்டில் வழிந்த சிரப்போ மெல்லிய படலம். அது சில நிமிடங்களிலேயே உலர்ந்து, தட்டின் முழுச் சூட்டையும் வாங்கிக் கருகிவிட்டது. நடுவில் சொதசொதப்பும் ஓரத்தில் கரியும் சேர்ந்து வந்தது இதனால்தான். சூட்டைக் கூட்டினால் கரி அதிகமாகும், குறைத்தால் சொதசொதப்பு அதிகமாகும். வரிசையை மாற்றாமல் இதற்குத் தீர்வு கிடையாது.

இனி பேக்கன். அமெரிக்கக் கடைகளில் சும்மா பேக்கன் என்று விற்பது பன்றியின் வயிற்றுப் பகுதியை உப்பிலும் கொஞ்சம் சர்க்கரையிலும் ஊறப்போட்டு, புகையூட்டி, சீவியது. அதைச் சமைத்துத்தான் சாப்பிட வேண்டும். இந்தப் பதார்த்தத்துக்குத் தடிமனாகச் சீவியதை வாங்குங்கள். மெல்லிய துண்டு நொடியில் முறுகிப் பொடியாகிவிடும், காயோடு சேர்த்துக் கடிக்க ஒன்றும் இருக்காது. ஆப்பிள் மரப் புகை, ஹிக்கரி மரப் புகை என்று இரண்டு வகை பரவலாகக் கிடைக்கும். மேப்பிளோடு சேர்க்க எனக்கு ஆப்பிள் மரப் புகை பிடிக்கும். ஹிக்கரி கொஞ்சம் அதட்டும். ‘மேப்பிள் பேக்கன்’ என்று இனிப்பு சேர்த்து விற்பதை இதற்கு வாங்க வேண்டாம். அதிலுள்ள சர்க்கரை வாணலியிலேயே கருக ஆரம்பித்து, பாகுக்கு வேண்டிய அடிச்சாறைக் கசப்பாக்கிவிடும். பிரிட்டனில் இருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: அங்கே சாதாரணமாகக் கிடைக்கும் பேக் பேக்கன் முதுகுப் பகுதி, கொழுப்பு குறைவு. வயிற்றுப் பகுதியான ‘ஸ்ட்ரீக்கி’யைக் கேட்டு வாங்குங்கள். கிறிஸ்துமஸ் விருந்தில் ஸ்ப்ரவுட்ஸோடு பேக்கனும் செஸ்ட்நட்டும் சேர்ப்பது அங்கே பழைய வழக்கம், அதற்கும் ஸ்ட்ரீக்கிதான் பொருந்தும்.

ஒரு கிலோ காய்க்கு 225 கிராம் பேக்கன் போதும். ஒரு விரல் அகலத் துண்டுகளாக நறுக்கி, குளிர்ந்த வாணலியில் போட்டு, அதன் பிறகு அடுப்பைப் பற்ற வையுங்கள். சூடான வாணலியில் போட்டால் வெளிப்பக்கம் முறுகிவிடும், உள்ளே கொழுப்பு அப்படியே நிற்கும். மிதமான தீயில் மெதுவாகச் சூடேறினால் கொழுப்பு உருகி இறங்கும், பேக்கன் தன் கொழுப்பிலேயே பொரியும். பத்துப் பன்னிரண்டு நிமிடம் ஆகும். முழு மொறுமொறுப்புக்கு ஒரு படி முன்னால் எடுத்துவிடுங்கள், கடைசியில் ஓவன் சூடு மிச்சத்தைப் பார்த்துக்கொள்ளும். துண்டுகளைத் தாளில் வடியவிட்டு, கொழுப்பை ஒரு கிண்ணத்தில் ஊற்றி வையுங்கள். பேக்கனைப் பொறுத்து மூன்று, நான்கு மேசைக்கரண்டி தேறும். வாணலியின் அடியில் பழுப்பாக ஒட்டியிருப்பதைக் கழுவிவிடாதீர்கள். பாகின் ருசி அதில்தான் இருக்கிறது.

காய் வாங்கும்போது சின்னதாக, கெட்டியாக, இலைகள் இறுக மூடியிருப்பதைப் பார்த்து எடுங்கள். கையில் எடுத்தால் கனமாக இருக்க வேண்டும். மஞ்சளடித்த இலை இருந்தால் பழையது, நாற்றம் அடிக்கும். அமெரிக்காவில் விளைவதில் பெரும்பகுதி கலிஃபோர்னியாவின் கடலோர மாவட்டங்களான சாண்டா குரூஸ், மான்டரே, சான் மட்டேயோ பக்கத்திலிருந்து வருகிறது. பசிபிக் கடலின் மூடுபனியும் குளிரும் இந்தச் செடிக்குப் பிடிக்கும். இலையுதிர் காலமும் குளிர்காலத் தொடக்கமும்தான் இதற்கு நல்ல பருவம், குளிர் பட்டால் இனிப்பு கூடும். நவம்பர் நான்காவது வியாழனில் வரும் தேங்க்ஸ்கிவிங் விருந்தில் இந்தக் காய் வந்து உட்கார்ந்ததில் ஆச்சரியம் இல்லை. தண்டோடு விற்பது கிடைத்தால் அதையே வாங்கலாம், நாள்பட வாடாது.

கசப்பைப் பற்றிக் கேட்டீர்கள். இந்தக் காயின் கசப்புக்கு முக்கியக் காரணம் சினிக்ரின், புரோகாய்ட்ரின் என்ற இரண்டு கந்தகச் சேர்மங்கள். 1990களில் நெதர்லாந்தைச் சேர்ந்த ஹான்ஸ் வான் டோர்ன் என்ற விஞ்ஞானி, நோவார்ட்டிஸ் நிறுவனத்தில் வேலை செய்தபோது இதைக் கண்டறிந்தார். பிறகு விதை நிறுவனங்கள் கசப்பு குறைந்த பழைய ரகங்களைத் தேடி எடுத்து, நல்ல மகசூல் தரும் ரகங்களோடு கலந்தன. இன்று கடையில் கிடைப்பது அந்தக் காலத்துப் பிள்ளைகள் முகம் சுளித்த காயே இல்லை. அப்படியும் உங்களுக்குக் கசந்ததற்குக் காரணம், அது வறுபடாமல் ஆவியில் அதிக நேரம் வெந்தது. நீண்ட நேரம் ஈரச் சூட்டில் கிடந்தால் முட்டைக்கோஸ் குடும்பக் காய்கள் எல்லாமே கந்தக வாடை விடும். காய்ந்த, கடுமையான சூட்டில் சீக்கிரம் வறுத்தால் அந்த வாடை குறைவு, பொன்னிறப் பகுதியில் ஒரு கொட்டை மணமும் இனிப்பும் வந்து கசப்பை அடக்கும். 2000களில் நியூயார்க் உணவகங்கள் இந்தக் காயைக் கருக்க வறுத்துப் பரிமாற ஆரம்பித்தபோதுதான் அமெரிக்கர்கள் இதைத் தேடிச் சாப்பிடத் தொடங்கினார்கள். சமையல் கலைஞர் டேவிட் சாங்கின் மொமொஃபுகு உணவகத்தில் பேக்கனோடு ஒரு வகையும், மீன் சாஸ் ஊற்றி ஒரு வகையும் செய்தார்கள். கடும் சூடும் உப்பும் புளிப்பும் சேர்ந்தால் இந்தக் காய் என்னவாகும் என்பதற்கு அது நல்ல உதாரணம்.

கழுவியபின் நன்றாக உலர்த்துங்கள். இந்த ஒரு வேலையைத்தான் எல்லாரும் அவசரத்தில் விட்டுவிடுகிறார்கள். இலை மடிப்புக்குள் தண்ணீர் நிற்கும், துணியில் பரப்பி அரை மணி நேரமாவது விட வேண்டும். முதல் நாளே கழுவி நறுக்கி, தாள் துண்டு விரித்த டப்பாவில் ஃபிரிட்ஜில் வைத்துவிட்டால் இன்னும் நல்லது. காம்பின் நுனியை மட்டும் மெல்லியதாகச் சீவுங்கள், ஆழமாக வெட்டினால் இலைகள் பிரிந்துவிடும். காம்பு வழியாக நெடுக இரண்டாக நறுக்குங்கள். உதிரும் இலைகளை எறிய வேண்டாம், அவையும் தட்டுக்கே போகட்டும். அப்பளம் போல மொறுமொறுப்பாகி முதலில் காலியாவது அவைதான்.

ஓவனை 425 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்கு, அதாவது 220 டிகிரி செல்சியஸுக்கு ஏற்றுங்கள். காற்றாடி ஓடும் கன்வெக்‌ஷன் முறை என்றால் 25 டிகிரி ஃபாரன்ஹீட் குறைத்துக்கொள்ளலாம். கனமான அலுமினியத் தட்டை ஓவன் சூடேறும்போதே உள்ளே வைத்துவிடுங்கள். 18க்கு 13 அங்குல ஹாஃப் ஷீட் தட்டில் ஒரு கிலோ காய் நெருக்கியடித்துக்கொண்டு உட்காரும். இரண்டு தட்டாகப் பிரிப்பதுதான் சரி. காய்க்கும் காய்க்கும் நடுவே தட்டு தெரிய வேண்டும், நீராவி வெளியேற அந்த இடைவெளிதான் வழி. காயின் மேல் இரண்டு மேசைக்கரண்டி பேக்கன் கொழுப்பும் ஒரு மேசைக்கரண்டி சாதாரண எண்ணெயும் ஊற்றிப் பிரட்டுங்கள். கொழுப்பைக் காயின் மேல்தான் ஊற்ற வேண்டும். காலியான சூடான தட்டில் ஊற்றினால் பேக்கன் கொழுப்பு சீக்கிரம் புகைந்து, வீட்டின் புகை அலாரம் கத்தும். உப்பு அரைத் தேக்கரண்டி போதும். பேக்கன் ஏற்கெனவே உப்பு, குறைந்தால் கடைசியில் போட்டுக்கொள்ளலாம்.

சூடான தட்டை வெளியே எடுத்து, காயை வெட்டிய பக்கம் கீழே இருக்கும்படி கவிழ்த்து வையுங்கள். இடுக்கி வைத்து ஒவ்வொன்றாகத் திருப்ப இரண்டு நிமிடம் ஆகும், அந்த இரண்டு நிமிடம் வீண்போகாது. வெட்டிய தட்டையான பக்கம் சூடான உலோகத்தில் நேராகப் பட்டால்தான் அந்தக் கரும்பொன் நிறம் வரும். பார்ச்மென்ட் பேப்பர் விரித்தால் கழுவும் வேலை மிச்சம்தான், நிறம் கொஞ்சம் குறையும். அப்படியே விரித்தாலும் அந்தத் தாள் எவ்வளவு சூடு தாங்கும் என்று டப்பாவில் பார்த்துக்கொள்ளுங்கள். தட்டு கீழ் அடுக்கில் இருக்கட்டும். முதல் 15 நிமிடம் கிளறவே கூடாது. அதன்பின் ஒன்றைத் திருப்பிப் பாருங்கள். அடிப்பக்கம் நல்ல பழுப்பாகி, காம்பில் கத்தி கொஞ்சம் தடையோடு இறங்கினால் கிட்டத்தட்ட முடிந்தது. மொத்தம் 20 முதல் 25 நிமிடம். கோலிக்குண்டு அளவுக் காயும் பெரிய காயும் கலந்திருந்தால் பெரியதை நான்காக நறுக்கிவிடுங்கள்.

காய் உள்ளே இருக்கும்போது பாகு. முதலில் சிரப்பைப் பற்றி. பான்கேக் சிரப் என்று விற்பது பெரும்பாலும் நிறமும் மணமும் சேர்த்த சோளச் சிரப், அதில் மேப்பிள் கிடையாது. வெறும் இனிப்புதான் வரும். அசல் மேப்பிள் சிரப் விலை அதிகம், அதற்குக் காரணமும் இருக்கிறது. குளிர்காலம் முடியும் தறுவாயில் மரத்திலிருந்து இறக்கும் சாறு சுமார் 40 லிட்டரைக் காய்ச்சினால்தான் ஒரு லிட்டர் சிரப் கிடைக்கும். உலக உற்பத்தியில் பெரும்பங்கு கனடாவின் கியூபெக் மாகாணத்தில், அமெரிக்காவுக்குள் முதலிடம் வெர்மான்ட் மாநிலத்துக்கு. பழைய குறிப்புகளில் ‘கிரேட் பி’ வாங்கு என்று இருக்கும். 2015ல் அமெரிக்காவில் தர அளவுகோலை மாற்றியபிறகு கடையில் விற்பதெல்லாம் கிரேட் ஏதான், நிறத்தை வைத்துப் பிரிக்கிறார்கள். சமையலுக்கு ‘டார்க்’ என்று எழுதியதை எடுங்கள். வெளிர்நிற ‘கோல்டன்’ வகையின் மென்மையான மணம் பேக்கன் பக்கத்தில் காணாமல் போய்விடும்.

பேக்கன் வறுத்த வாணலியை மறுபடி மிதமான தீயில் வைத்து, இரண்டு மேசைக்கரண்டி ஆப்பிள் சைடர் வினிகர் ஊற்றி, அடியில் ஒட்டியதை மரக்கரண்டியால் சுரண்டி எடுங்கள். வினிகர் ஆவி கண்ணில் படும், முகத்தைத் தள்ளி வைத்துக்கொள்ளுங்கள். அடி கரைந்ததும் மூன்று மேசைக்கரண்டி சிரப், ஒரு தேக்கரண்டி டிஜான் கடுகு விழுது, தட்டிய மிளகு, விருப்பம்போல் மிளகாய்த் துகள். இரண்டு மூன்று நிமிடம் கொதித்ததும் குமிழிகள் பெரிதாகி மெதுவாக உடையும். குலாப் ஜாமுன் பாகு காய்ச்சியவர்களுக்குப் பதம் சொல்வது எளிது: விரலில் தொட்டால் பிசுபிசுக்க வேண்டும், கம்பி இழுக்கக் கூடாது. ஒரு கம்பிப் பதம் வரை விட்டால் ஆறும்போது காயின் மேல் இறுகிப் பல்லில் ஒட்டும். அப்படி ஆகிவிட்டால் பயப்பட வேண்டாம், ஒரு கரண்டி வெந்நீர் விட்டு இளக்கிவிடலாம்.

சைடர் வினிகருக்குப் பதில் பால்சாமிக் வினிகர் போடுபவர்கள் உண்டு. அதிலும் சர்க்கரை இருப்பதால் சிரப்பை ஒரு கரண்டி குறைக்க வேண்டும், நிறமும் கறுப்பாக வரும். தேன் போட்டால் அதிலுள்ள ஃபிரக்டோஸ் என்ற சர்க்கரை சீக்கிரம் கருகும், ஓவனுக்குள் திருப்பி வைக்காமல் வெளியிலேயே பிரட்டிப் பரிமாறுங்கள். புளிப்பை மட்டும் எந்த வகையிலும் குறைக்காதீர்கள். கொழுப்பும் இனிப்பும் உப்பும் சேர்ந்த இடத்தில் புளிப்பு இல்லாவிட்டால் நான்காவது வாயில் திகட்டிவிடும்.

காய் தயாரானதும் தட்டை வெளியே எடுத்து, பாகில் முக்கால் பங்கை ஊற்றி, பேக்கனையும் சேர்த்துப் பிரட்டி, மூன்று நிமிடம் மட்டும் உள்ளே வையுங்கள். தண்ணீர் ஏற்கெனவே போய்விட்டதால் பாகு மெல்லிய மினுமினுப்பாகப் பற்றிக்கொள்ளும். அந்த மூன்று நிமிடம் ஓவனை விட்டு நகராதீர்கள். மிச்சப் பாகை வெளியே எடுத்தபின் சேர்த்து, உடனே பரிமாறுங்கள். வறுத்த பீக்கன் கொட்டை ஒரு கைப்பிடி தூவினால் மிக நன்றாக இருக்கும்.

விருந்தன்று உண்மையான சிக்கல் ஓவன்தான். பெரும்பாலான வீடுகளில் ஒன்றுதான் இருக்கும், அதில் 325 டிகிரியில் வான்கோழி மணிக்கணக்கில் உட்கார்ந்திருக்கும். வான்கோழியை வெளியே எடுத்தபின் வெட்டுவதற்கு முன் அரை மணி நேரமாவது அது ஆற வேண்டும். அந்த அரை மணி நேரம்தான் உங்களுடையது. எடுத்த கையோடு ஓவனை 425க்கு ஏற்றி, தட்டைச் சூடாக்கி, காயை வைத்துவிடுங்கள். வான்கோழியை வெட்டி முடிக்கும்போது காயும் தயாராகும். பேக்கனைக் காலையிலேயே வறுத்து ஃபிரிட்ஜில் வைக்கலாம், பாகையும் காய்ச்சி வைத்துக் கடைசியில் சூடாக்கலாம். வெந்த காயை அலுமினியத் தாளால் மூடி வைப்பதை மட்டும் செய்யாதீர்கள். பத்தே நிமிடத்தில் அதன் நீராவியே அதைப் பழைய நிலைக்குக் கொண்டுவந்துவிடும். வேறு வீட்டுக்குக் கொண்டு போவதானால் காய், பேக்கன், பாகு மூன்றையும் தனித்தனியாக எடுத்துப்போய், அங்கே ஓவனில் ஐந்து நிமிடம் சூடாக்கிச் சேருங்கள். வெளியில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைக்க வேண்டாம்.

விருந்துக்கு வருபவர்களில் சைவம் சாப்பிடுபவர்களும் பன்றி இறைச்சி தொடாதவர்களும் இருந்தால், ஒரு தட்டை முதலிலிருந்தே தனியாகச் செய்யுங்கள். பேக்கனைப் பொறுக்கி எடுத்துவிட்டுப் பரிமாறுவது அவர்களுக்குச் செய்யும் மரியாதை ஆகாது, காய் முழுக்க அந்தக் கொழுப்பு இருக்கும். ஆலிவ் எண்ணெயும் ஒரு தேக்கரண்டி ஸ்மோக்ட் பாப்ரிகா என்ற புகையூட்டிய மிளகாய்ப் பொடியும் போட்டு வறுத்து, பாகை வேறு பாத்திரத்தில் காய்ச்சி, பீக்கன் தூவினால் புகை மணமும் மொறுமொறுப்பும் வந்துவிடும். கரண்டிகளும் தனியாக இருக்கட்டும், மேசையில் எது எது என்று சொல்லிவிடுங்கள். முஸ்லிம் நண்பர்களுக்கு ஹலால் கடையில் மாட்டிறைச்சி பேக்கன் கிடைத்தால் அதே முறையில் செய்யலாம். டர்க்கி பேக்கனில் கொழுப்பு குறைவு, வாணலியில் ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு வறுக்க வேண்டும், காய்க்கும் முழுக்க எண்ணெய்தான்.

வேறு காயில் செய்யலாமா என்றால் தாராளமாக. கேரட்டுக்கு 25 முதல் 30 நிமிடம், ஓர் அங்குலத் துண்டாக நறுக்கிய பட்டர்நட் பூசணிக்கு 30 முதல் 35 நிமிடம் ஆகும். இரண்டும் தாமே இனிப்பு என்பதால் சிரப்பைப் பாதியாக்கி வினிகரைக் கொஞ்சம் கூட்டுங்கள். பூசணிக்கு இடைவெளி இன்னும் தாராளமாக வேண்டும். என் கருத்தில் பேக்கனுக்கும் பாகுக்கும் ஸ்ப்ரவுட்ஸ் அளவுக்குப் பொருந்துகிற காய் இல்லை. அந்த லேசான கசப்புதான் இரண்டையும் தாங்குகிறது.

மிஞ்சினால் மைக்ரோவேவில் வைக்காதீர்கள். மறுநாள் காலை இரும்பு வாணலியில் வெட்டிய பக்கம் கீழே படும்படி போட்டு, எண்ணெய் விடாமல் நான்கு நிமிடம் சூடாக்கி, பக்கத்தில் ஒரு முட்டையை உடைத்து ஊற்றிச் சாப்பிடுங்கள்.